முன்பே பேசி வைத்த இரங்கல்

ஆவணி முதல் வெள்ளி. காலையில் ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் போகும் பேருந்தில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு பெண்கள். ஜன்னலோரம் இருந்தவர் சொன்னார்:

“எங்க வீட்டுக்காரரு போயி வருசம் திரும்பப் போகுது. நேத்து டிவியில வந்து, செத்துப்போன மந்திரிக்கு இரங்கல் சொல்லுதாரு.”

“ஏட்டி, பயங்காட்டாத!”

“நெசந்தான் மதினி. பத்திரிகை ஆசிரியரா இருந்தப்பவே, பெரியாளு யாருக்காச்சும் முடியலன்னா இரங்கல் கட்டுரைய முன்னாலயே எழுதி வச்சிருவாரு. டிவியில பேசப் போன பொறவும் அதே வேலைதான். ரெக்கார்டு பண்ணி வச்சிருந்தத நேத்து போட்டுட்டாக.”

“நீ பாத்தியா?”

“பாத்தேன். நான் தேச்சுக் குடுத்த சட்டை. பேசுறதுக்கு முன்னால தொண்டையச் செருமுனாரு. இன்னும் ரெண்டு பேருக்குப் பேசி வச்சிருக்காராம். அதுல ஒருத்தரு மதுரையில ஆஸ்பத்திரியில கெடக்காரு. அவரு போயிட்டா போடலாமான்னு சேனல்ல கேட்டாக.”

“என்ன சொன்ன?”

“போடச் சொல்லிட்டேன். அவரு புதுசாப் பேசுறத வேற எப்பக் கேக்கப் போறேன்?”

மதினி அவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தார்.

“எறங்குனதும் கோயிலுக்குப் போவோம். அந்த மனுசனுக்கு நல்லாகணும்னு வேண்டிக்குவோம், வா.”

“நீங்க வேண்டிக்கோங்க மதினி. நான் வீட்டுக்குப் போறேன். டிவிய அணைக்காம வந்திருக்கேன்.”