திரையில் உயர்ந்த கை

மலாயாவுக்குச் சுதந்திரம் வந்த வருஷம். காஜா பெராங் போகும் பஸ்ஸில் என் முன் இருக்கையில் இரண்டு பெண்கள். ரப்பர் ஆலையில் வேலை செய்பவர்கள் என்பது சேலையில் ஏறியிருந்த புகை வாடையிலேயே தெரிந்தது. தொழிற்சங்கக் கூடத்தில் காட்டிய பழைய ஊமைப் படம் ஒன்றைப் பார்த்துவிட்டுத் திரும்பிக்கொண்டிருந்தார்கள்.

“படம் ஓடுறப்ப நம்ம பொம்பளைங்க எல்லாரும் ஏன்க்கா ஒண்ணா வலது பக்கம் கைய நீட்டினோம்?” என்றாள் இளையவள்.

“படத்துல அந்த வெள்ளைக்காரி மெஷின் முன்னாடி கையத் தூக்கினாளே. நம்ம மெஷினை நிறுத்துற பிடி வலது பக்கந்தானே இருக்கு.”

“அவ ஸ்ட்ரைக்குக்குல்ல தூக்கினா.”

“நமக்கு என்ன தெரியும்? ஆலைச் சத்தத்துல கத்தினா யாருக்குக் கேக்கும்? ஒருத்தி கையத் தூக்கினா, யாரோ ரோலர்ல மாட்டிக்கிட்டான்னு உடனே நிறுத்திருவோம். அதே பழக்கம்.”

“கூடம் முழுக்க ஒரே நேரத்துல நீட்டுச்சுக்கா. எனக்கு உடம்பெல்லாம் சிலுத்துப் போச்சு.”

பஸ் இரண்டு நிறுத்தம் தாண்டியது. பிறகு இளையவள் மெதுவாகக் கேட்டாள்.

“வேலைய விட்டுத் தூக்கின செல்லம்மாவத் திரும்பச் சேக்கச் சொல்லி நாளைக்கு நான் கையத் தூக்கினா, நிறுத்துவாங்களாக்கா?”

“பேரு தெரியாத வெள்ளைக்காரிக்கே மெஷினை நிறுத்தப் பாத்தோம் லா.”