கை வைக்காதீங்க

நான் எந்த வேலையையும் தாமதமாகச் செய்பவன் அல்ல. கடைசி நாளில் செய்வேன், அவ்வளவுதான். மேல்முறையீட்டுக்கு முப்பது நாள் அவகாசம் என்றால், முப்பதாம் நாள் சாயங்காலம் கவுண்டரை மூடப்போகும் நேரத்தில்தான் என் மனு உள்ளே போகும். அலுவலகத்தில் எனக்கு 'முப்பது' என்றே பட்டப்பெயர். என் மனைவிகூட அப்படிக் கூப்பிட்டுச் சிரிப்பாள்.

ஆக்ஸிஜன் கருவி விற்கும் ஒரு நிறுவனத்துக்கு நான் வழக்கறிஞர். எதிர்த்தரப்பு, ஓய்வு பெற்ற பேருந்து ஓட்டுநர். அவர் மனைவிக்கு அந்தக் கருவி இல்லாமல் மூச்சு இல்லை. அதுவோ அடிக்கடி திணறி நின்றது. வக்கீல் வைக்காமல் தானே நுகர்வோர் நீதிமன்றத்தில் பேசி ஜெயித்துவிட்டார் மனிதர். ஒரு மாதத்துக்குள் புதுக் கருவி தர வேண்டும் என்று தீர்ப்பு. நான் வழக்கம்போல் முப்பதாம் நாள் மேல்முறையீடு செய்து, தீர்ப்புக்கு இடைக்காலத் தடை வாங்கினேன். சட்டம் தந்த வழிதான்.

தடை மனுவில் இன்னொன்றும் கேட்டிருந்தேன். வழக்கு முடியும்வரை பழைய கருவியை யாரும் பிரிக்கக் கூடாது. பிரித்தால் உள்ளே இருக்கும் மட்டமான வால்வு வெளியே தெரிந்துவிடும். நிறுவனத்துக்கு அது தெரியும். எனக்கும் தெரியும்.

நாலு நாள் கழித்து அவர் போன் செய்தார். மனுவின் அடியில் என் எண் இருந்தது.

"சார், மிஷின் ஒரு மாதிரி இழுக்குது. பக்கத்துத் தெருவுல ரிப்பேர்காரர் இருக்காரு. திறந்து பாக்கச் சொல்லட்டுமா?"

"தடை இருக்குங்க. கை வைக்காதீங்க. அப்புறம் கோர்ட்டை மதிக்கலைன்னு ஆயிடும்."

"ஐயோ, அந்த வம்பே வேணாம் சார். நல்லவேளை, உங்களைக் கேட்டேன்."

முப்பத்தோரு வருடம் ஒரு சிக்னலைக்கூட மீறாதவர். இரண்டு நாள் கழித்து, மத்தியானம், கருவி நின்றுவிட்டது. ஆம்புலன்ஸ் வரும்வரை அதன் பக்கவாட்டில் தட்டிக்கொண்டே இருந்தாராம். ஒரு திருகைக்கூடக் கழற்றவில்லை. அந்த அம்மா பிழைக்கவில்லை.

கருவி இப்போது சாட்சிப் பொருள்; கோர்ட் அதை நிறுவனத்தின் பொறுப்பில் விட்டதால் என் அறையில், அரக்கு முத்திரையோடு இருக்கிறது. ஆனாலும் இழுக்கிறது. எழுந்து போய்ப் பிளக்கைப் பார்க்கிறேன், சொருகியிருக்காது. வீட்டில் மனைவி சற்றுக் கண்ணயர்ந்தால் பக்கத்தில் உட்கார்ந்து அவள் மூச்சையே கேட்டுக்கொண்டிருக்கிறேன். எனக்குப் பயமாக இருக்கிறது.

அந்த போன் பேச்சைப் பற்றி நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். பிரிக்கக் கூடாது என்ற என் கோரிக்கையை நீதிபதி அன்றே தள்ளுபடி செய்துவிட்டார். பழுது பார்க்கத் தடையில்லை என்று உத்தரவிலேயே எழுதினார். அது தெரிந்துதான் போனில் அப்படிச் சொன்னேன்.

ஆனால் உத்தரவின் நகல் அவரிடமும் இருந்தது. ஒரே ஒரு பக்கம். படிக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லையே.