நல்ல நேரத்தில் இறங்கிய லாஞ்சர்

"கம்ப்யூட்டர் படிச்சு நீ என்ன கிழிக்கப் போறே?" என்று சித்தப்பா ஒருமுறை கேட்டார். எங்கள் குடும்பத்தில் முதலில் கல்லூரிக்குப் போன நான் அதை மறக்கவில்லை. இப்போது அதே சித்தப்பாதான் எங்கள் வீட்டுக் கம்ப்யூட்டரில் தினமும் கேம் ஆடுகிறார்.

முசரவாக்கம் பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் ஒரு நெசவாளரும் அவருடைய மச்சானும் உட்கார்ந்திருந்தார்கள்.

"தறியில பாவு நூல் ஏத்துற மாதிரி நல்ல நேரம் பார்த்துத்தான் மச்சான் லாஞ்சரை இன்ஸ்டால் பண்ணேன். அப்பவும் கம்ப்யூட்டர் தானா ஏதேதோ தொறக்குது," என்றார் நெசவாளர்.

"என்னா லாஞ்சரு?"

"கேமோட பழைய வெர்ஷன் ஆடறதுக்குப்பா. புதுசு நம்ம கம்ப்யூட்டர்ல திணறுது. ஜாவா கேட்டுச்சு, அதையும் போட்டேன்."

"எந்த சைட்ல எடுத்தே?"

"தேடினா மொதல்ல வந்துச்சே, அதுல. ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணச் சொன்னான், பண்ணிட்டேன்."

"ராகு காலம் பார்த்தே, சைட்டு யாருதுன்னு பாக்கலியா? கல்யாணப் புடவை டிசைன் அந்தக் கம்ப்யூட்டர்லதானே இருக்குது?"

"ஆமா. வெள்ளிக்கிழமை தறிக்கு ஏத்தணும்."

"டிசைனைத் தொறந்து பார்த்தியா?"

"இன்னிக்கு அஷ்டமிப்பா."

மச்சான் தலையில் அடித்துக்கொண்டார். "வைரஸுக்கு அஷ்டமி தெரியுமா? என் தங்கச்சிக்குப் போன் போட்டு நெட்டைப் பிடுங்கச் சொல்லு!"

போன் பேசி முடித்ததும் நெசவாளரின் முகம் தெளிந்தது. "டிசைன் காப்பி பென்டிரைவ்ல இருக்குதாம். பூஜை மாடத்துல, பொட்டு வெச்சு."

"அவளாவது உருப்படியா சாமி கும்புட்டிருக்கா."

அன்று மாலையே வீட்டுக் கம்ப்யூட்டரில் சித்தப்பாவுக்கு கேம் ஆட மட்டும் தனிக் கணக்கு தொடங்கிவிட்டேன். இனி எந்த நல்ல நேரத்தில் அவர் எதை இன்ஸ்டால் செய்தாலும், அது முதலில் என் பாஸ்வேர்டைக் கேட்கும்.