மீட்டர் கண்ணாடியில் வைத்த சந்தனம்

பட்டர்வொர்த் போகும் பெர்ரிக் கப்பலில் என் முன்வரிசையில் இரண்டு பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். இளையவள் திடீரென்று சொன்னாள்.

“சாமி பொட்டு வெச்சதுதான்க்கா தப்பாப் போச்சு.”

“என்னா லா சொல்ற?”

“காடியில பிரேக்குக் கோளாறக் காட்டுற ஏபிஎஸ் விளக்கு எரியுதுன்னு எங்க வீட்டுக்காரரு வொர்க்‌ஷாப்புக்குக் கொண்டு போனாரு. மெக்கானிக்கு சக்கரத்து சென்சரத் துடைச்சிட்டு, மறுபடி எரிஞ்சா மாத்தணும்னாரு. வெள்ளிக்கெழம நான் மீட்டர் கண்ணாடியில சந்தனத்த அப்பிட்டேன். மறுபடி எரிஞ்ச விளக்கு அதுக்குப் பின்னால மறைஞ்சிருச்சு. இவரு சரியாயிருச்சுன்னு நெனச்சிட்டாரு.”

“அதான் மழையில சறுக்குச்சா?”

“பிரேக் அடிச்சதும் சக்கரம் சுத்தாம அப்படியே இழுத்துட்டுப் போயிருச்சு. அவருக்கு ஒரு காலே போச்சேக்கா.”

“அவருகிட்ட சொன்னியா?”

அவள் கடலைப் பார்த்தாள்.

“எப்படிச் சொல்றது? தெனமும் அந்த மெக்கானிக்கத்தான் திட்டுறாரு. நானும் சேந்து திட்டுறேன்.”