பத்தொன்பதாம் நம்பர் கம்பி

மேடையில் இருக்கும் சங்கத் தலைவர் சென்னகேசவன் அவர்களே, மோட்டாருக்குச் செம்புக் கம்பியில் காயில் கட்டும் தோழர்களே, முன்வரிசையில் இருக்கும், யாகூப் பாயின் மனைவி சபுரா அம்மா அவர்களே!

மறைந்த உங்கள் செயலாளர் யாகூப் பாய் அவர்களைப் புகழ என்னை அழைத்தீர்கள். முப்பது வருடமாகச் செய்தி எழுதுகிறேன். அவரைப் பற்றி எழுதியது ஒரே ஒரு செய்தி. அது தவறான செய்தி.

மூன்று வருடங்களுக்கு முன், தொண்ணூற்று மூன்று கோடையில், உடுமலைப்பேட்டை நஞ்சப்பன் தோட்டத்தில் பாய் காயில் கட்டிக் கொடுத்த மோட்டார் பத்தே நாளில் புகைந்தது. "பழைய காயில்ல இருபதாம் நம்பர் கம்பிங்க. பாய் பத்தொம்பது போட்டு ஏமாத்திப்போட்டாருங்க" என்றார் நஞ்சப்பன். இருபதைவிடப் பத்தொன்பது குறைவுதானே? மெல்லிய கம்பி போட்டு விவசாயியை ஏமாற்றினார் என்று பெயரோடு எழுதினேன். தொழில் தெரிந்த ஒருவரிடமாவது கேட்டேனா? இல்லை!

செய்தி வந்த அன்று காலையே பாய் அலுவலகத்துக்கு வந்தார். கையில் இரண்டு துண்டுக் கம்பி, ஒரு மைக்ரோமீட்டர். கம்பி மேலிருந்த எனாமல் பூச்சைச் சுரண்டிவிட்டு அளந்து காட்டினார். இருபதாம் நம்பர், 0.91 மில்லிமீட்டர். பத்தொன்பது, 1.02.

"நெம்பர் ஏறுனா கம்பி ஒல்லியாகுமுங்க சார். கம்பி சுத்துற காடியில எடம் இருந்துச்சு, ஒரு நெம்பர் தடியாவே போட்டேன். உங்க கணக்குல நாப்பதாம் நெம்பர்ல யானையவே கட்டிப்போடலாமாட்ட!"

"அப்புறம் ஏன் பாய் புகைஞ்சுது?"

"மூணு பேஸ் மோட்டார ரெண்டு பேஸ்ல ஓட்டியிருக்காருங்க, சூடேறிக் கருகிப்போச்சு. தென்னை காயுது, அவரு என்ன பண்ணுவாரு? அத மட்டும் எழுதிப்போடாதீங்க. அப்படி ஓட்டக் கூடாதுன்னு ஈ.பி.காரங்க கனெக்சனப் புடுங்கிருவாங்க."

தன் பெயர் கெட்ட அன்றும் அடுத்தவர் தென்னையை நினைத்தவர் யாகூப் பாய்! இப்போது இதைச் சொல்லச் சொன்னவர், அதோ கடைசி வரிசையில் தலைகுனிந்து இருக்கும் நஞ்சப்பனேதான்.

திருத்தம் போடுகிறேன் என்றேன். "வந்தது வந்தாச்சு, விடுங்க" என்றார் ஆசிரியர். விட்டுவிட்டேன். உடுமலையிலிருந்து பாயிடம் மோட்டார் வருவது நின்றது. பாய் என்னைப் பார்த்தபோதெல்லாம் டீ வாங்கிக் கொடுத்தார். ஒருமுறைகூடத் திருத்தத்தைப் பற்றிக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் எழுதியிருப்பேனா? தெரியவில்லை.

இன்று வாசலில் சபுரா அம்மா கேட்டார்: "ஏனுங்க, இனியாச்சும் பேப்பர்ல வருமுங்களா? எம் பொண்ணப் பாக்க வாரவங்க அந்தச் செய்தியத்தான் கேக்கறாங்க."

தோழர்களே, பாய் நடத்திய சங்கத்தை நீங்கள் நடத்துங்கள். என் பங்கு, இந்தத் திருத்தம். ஆசிரியர் இன்னும் சம்மதிக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமைக்குள் வராவிட்டால் நோட்டீஸாக அடித்து, உடுமலைச் சந்தையில் நானே நின்று கொடுப்பேன். வாசகம் இதுதான்:

"யாகூப் போட்டது மெல்லிய கம்பி அல்ல, தடித்த கம்பி. அவர் யாரையும் ஏமாற்றவில்லை. தவறு, எழுதியவருடையது."

கீழே என் பெயர் இருக்கும்.