அன்னபாக்கியம் வரைந்த வழிப்படம்

இந்த இடத்துல பேச்சைக் கொஞ்சம் நிறுத்திட்டு உங்களுக்கு ஒரு கதை சொல்லிடறேன். சின்னக் கதைதான். ஆனா கேட்ட நாள்ல இருந்து எனக்கு நெஞ்சுல முள்ளா உட்கார்ந்திருக்கு...

வெள்ளைக்காரன் ஆண்ட காலம். நம்ம மேற்கு மலையில ஒரு சின்ன அரசாங்க ஆஸ்பத்திரி. அங்கே டாக்டரா இருந்தவர் பேரு மாசிலாமணி, பாளையங்கோட்டைப் பக்கத்து ஆளு. அவர் மனைவி அன்னபாக்கியம். ரெண்டு பேருக்கும் ஒரே பைத்தியம். என்ன பைத்தியம்? காட்டுப் பைத்தியம். லீவு கிடைச்சா கூடாரத்தைத் தூக்கிட்டுக் கிளம்பிடுவாங்க. யாரும் பேர் வைக்காத செடி, யாரும் எழுதி வைக்காத பறவை... அவர் பார்த்ததை எழுதுவாரு. அந்தம்மா அதை வண்ணத்துல வரைவாங்க.

ஒரு தடவை, யாருமே போகாத ஒரு பள்ளத்தாக்குல போய் இறங்கினாங்க. வானமே தெரியாத அளவுக்குப் பெரிய பெரிய மரம். கிளை பூரா பாசி. அந்தப் பாசியில வேர் பிடிச்சு... பூ. ஆர்க்கிட் பூ. வெள்ளை இதழ், நடுவுல குங்குமத்தைத் தொட்டு வச்ச மாதிரி ஒரு சிவப்பு. அண்ணாந்து பார்த்த இடமெல்லாம் அதுதான். டாக்டர் தொப்பியைக் கழட்டிட்டு அப்படியே நின்னுட்டாரு. அந்தம்மாவுக்குக் கண்ணுல தண்ணி வந்துடுச்சு.

ஊருக்கு வந்து, லண்டன்ல இருந்து வர்ற ஒரு தாவரப் பத்திரிகைக்கு எழுதினாரு. சும்மா எழுதலைங்க. எந்த ஆத்தைக் கடக்கணும், எந்தப் பாறைக்கிட்டத் திரும்பணும், எந்தச் சரிவுல ஏறணும்... அத்தனையும் எழுதினாரு. அந்தம்மா பூவையும் வரைஞ்சாங்க, போற வழியையும் படமா வரைஞ்சு கொடுத்தாங்க. அதுல என்ன தப்பு? நல்லதைப் பார்த்தா நாலு பேருக்குச் சொல்ல மாட்டோமா? பத்திரிகை கொண்டாடுச்சு. அந்தப் பூவுக்கு அன்னபாக்கியம் பேரையே வச்சாங்க.

அப்புறம் வேற ஊருக்கு மாத்தலாகி, சில வருஷம் அந்தப் பக்கம் போக முடியலை. பிறகு ஒரு பூக்கிற காலத்துல, ஆசை ஆசையா ரெண்டு பேரும் கிளம்பினாங்க. ஆறு அப்படியே இருக்கு. பாறை அப்படியே இருக்கு. சரிவுல ஏறித் திரும்பினா...

வெளிச்சம்.

அந்தக் காட்டுக்குள்ள அவ்வளவு வெளிச்சம் வரக் கூடாதே?

மரமெல்லாம் தரையில கிடக்கு. வெட்டி எடுத்துட்டுப் போகலைங்க... வெட்டிச் சாய்ச்சு, சாய்ச்ச இடத்துலயே விட்டுருக்காங்க. கிளையில ஒட்டியிருந்த பாசியைக்கூடச் சுரண்டி எடுத்தாச்சு. நாலு பக்கமும் கரி. அந்தம்மா கீழே கிடந்த ஒரு மரத்தைத் தொட்டுப் பார்த்தாங்க. அது உண்மைன்னே அவங்களால நம்ப முடியலை.

கொஞ்சம் தள்ளி ஒரு கூடாரம். உள்ளே இருந்து ஒருத்தர் வந்தாரு. பேரு கன்னியப்பன். மதராஸ்ல ஒரு பூச்செடிக் கம்பெனிக்கு ஏஜெண்டு. இவங்க யாருன்னு தெரிஞ்சதும் மனுஷன் கையெடுத்துக் கும்பிட்டாரு.

"டாக்டர் ஐயா நீங்கதானா? உங்களாலதான் ஐயா நான் இங்கே வந்து சேர்ந்தேன். அம்மா வரைஞ்ச படம் கையில இருந்துச்சு. ஒரு இடத்துலகூட வழி தப்பலை."

சொல்லிட்டு, சட்டைப் பையில இருந்து பத்திரிகைத் தாள் ஒண்ணை எடுத்து விரிச்சாரு. வேர்வை பட்டு நைஞ்சு போயிருந்தது. அந்தம்மா வரைஞ்ச அதே வழிப்படம்.

லண்டன்ல பணக்காரங்க கண்ணாடி வீடு கட்டி, இந்தப் பூவை வளர்க்கப் போட்டி போடறாங்களாம். மரத்துல ஏறிப் பறிக்கிறது கஷ்டம், அதனால மரத்தையே சாய்ச்சுட்டாங்களாம். செடியெல்லாம் பெட்டி பெட்டியாத் துறைமுகத்துக்குப் போயிடுச்சாம். காப்பி போடச் சொல்லட்டுமான்னு கேட்டுக்கிட்டே இதையெல்லாம் சொல்றாரு.

டாக்டர் கீழே கிடந்த மரங்களைப் பார்த்துக்கிட்டே கேட்டாரு: "ஒண்ணைக்கூட விட்டு வைக்கலையா?"

"தூக்க முடியாத மிச்சத்தை எரிச்சுட்டோம் ஐயா. விட்டு வச்சா நாளைக்கு வேற கம்பெனிக்காரன் வந்து எடுப்பான். அப்புறம் நாங்க அனுப்பின செடிக்கு என்ன மதிப்பு?"

கேட்டீங்களா? கோபமில்லை, குரோதமில்லை... கடைக்காரர் விலை சொல்ற மாதிரி சொல்றாரு.

அந்தம்மா கையை நீட்டி, "அந்தப் படத்தை என்கிட்ட கொடுங்க"ன்னாங்க. அவர் மறுக்கலை. உடனே கொடுத்துட்டாரு. கொடுத்துட்டு, "தாராளமா வச்சுக்குங்கம்மா, இது ஊர்ல எல்லார்கிட்டயும் இருக்கு"ன்னாரு.

ரெண்டு பேரும் திரும்பி நடந்தாங்க. ஆத்தங்கரைக்கு வந்ததும் அந்தம்மா உட்கார்ந்துட்டாங்க. "அதுக்கு என் பேரை வச்சாங்க... நான் என் கையாலயே அதைக் காட்டிக் கொடுத்துட்டேங்க"ன்னாங்க. டாக்டர், எழுதினது நான்தானேன்னு சொல்லிப் பார்த்தாரு. அந்தம்மா அதைக் காதுல வாங்கிக்கலை.

அதுக்கப்புறமும் அவங்க காட்டுக்குப் போறதை விடலை. புதுசு புதுசாப் பார்த்தாங்க, வரைஞ்சாங்க, எழுதி அனுப்பினாங்க. எங்கே பார்த்தீங்கன்னு பத்திரிகை கேட்டுச்சு. "ஒரு மலையில"ன்னு பதில் போட்டாரு டாக்டர். இடம் சொல்லாத கட்டுரை எங்களுக்கு வேண்டாம்னு திருப்பி அனுப்பிட்டாங்க. மறுபடி அனுப்பினாரு, மறுபடி திரும்பி வந்துச்சு. அதுக்குப் பிறகு கடைசி வரைக்கும் அவங்க பேர் எங்கேயும் வரலை. இடத்தைச் சொல்ல அவங்க வாயும் திறக்கலை.

அவங்க பின்னாடி பார்த்த பூவெல்லாம் இன்னைக்கு இருக்கான்னு கேட்பீங்க. எனக்குத் தெரியாது. எனக்கும் உங்களுக்கும் தெரியக் கூடாதுன்னுதான் அவங்க தங்களோட புகழையே விட்டுக் கொடுத்தாங்க.

தம்பிகளா, தங்கச்சிகளா... நீங்க மலை ஏறுறீங்க. ரொம்ப சந்தோஷம். யாரும் பார்க்காத அருவியைப் பார்க்கறீங்க, கூட்டுல குஞ்சோட இருக்கிற பறவையைப் பார்க்கறீங்க. உடனே கை எங்கே போகுது? போன் எடுக்குது, படம் பிடிக்குது, போற வழியோட சேர்த்து ஊருக்கெல்லாம் அனுப்புது. அனுப்பற உங்க மனசுல கெட்டது ஒண்ணும் இல்லை, எனக்குத் தெரியும். அன்னபாக்கியம் மனசுல மட்டும் இருந்துச்சா?

கோடரி எடுத்துட்டு வர்றவனுக்குக் காடு எங்கேன்னு தெரியாதுங்க. காட்டை நேசிக்கிறவன்தான் அவனுக்கு வழி சொல்றான். அதனால, பாருங்க... கண் நிறையப் பாருங்க. எங்கேன்னு யாராவது கேட்டா, "ஒரு மலையில"ன்னு சொல்லிட்டுப் பேசாம வந்துடுங்க.