அஞ்சலை பேசவில்லை

மங்களம்: ஊமைன்னே நெனச்சுட்டாங்களாம்ங்க! தரகர் இப்பத்தான் சொல்லிட்டுப் போறாரு.

கார்த்திகேசு: ஊமையா? யாரு... நம்ம அஞ்சலையா?

மங்களம்: பின்ன? பொண்ணு பாக்க வந்தவங்க ஒரு மணி நேரம் உக்காந்திருந்தாங்க. பேரு கேட்டதுக்கும் நீங்கதானே பதில் சொன்னீங்க.

கார்த்திகேசு: நல்ல தமிழ் பேசு, இல்லன்னா வாயத் தொறக்காதன்னேன்.

மங்களம்: தொறக்கலயே. அப்பா சொல் தட்டாத புள்ள!

கார்த்திகேசு: கிண்டல் பண்ணாத. மாப்பிள்ளையோட அப்பா சிலிம் ரிவர்ல தமிழ்ச் சங்கத் தலைவரு. அவரு முன்னாடி இவ 'நான் போறது, அவன் போறது'ன்னு நின்னா, குடும்ப மானம் என்னாவுறது? பாசார், சூசான்னு மலாய்ச் சொல்லு கலந்தாக்கூடப் பொறுத்துக்கலாம். இவ வாக்கியத்தோட வாலையே வெட்டிட்டா. மலாய்க்காரங்களுக்குப் போறதுன்னா நானும் 'பெர்கி', அவனும் 'பெர்கி'. அதே மாதிரி...

மங்களம்: நாள் பூரா ஃபாக்டரியில மலாய்ப் பொண்ணுங்களோட நிக்கிறா. நாக்குக்கு எது சுலபமோ அதுதானே ஒட்டும்?

கார்த்திகேசு: எங்கப்பா முப்பது வருசம் ரப்பர் தோட்டத்துல மலாய் பேசினாரு. வீட்டுக்குள்ள கொண்டு வந்தாரா?

மங்களம்: ஏன் வரல? 'மழை இல்லன்னா நாம பால் மரம் வெட்டப் போறது'ன்னு எத்தன தடவ சொல்லியிருக்காரு! எம் மாமனார் பேச்சு எனக்குத் தெரியாதா?

கார்த்திகேசு: அது... அவசரத்துல.

மங்களம்: அவரு அவசரத்துல பேசினாரு. நீங்க அசந்தா பேசுறீங்க. அவளுக்கு அதுதான் பேச்சே.

கார்த்திகேசு: ...சரி லா. சம்பந்தம் போச்சா? அதச் சொல்லு.

மங்களம்: போகல. ஞாயித்துக்கெழம மறுபடியும் வாராங்க. பொண்ணு நாலு வார்த்த பேசணுமாம். அவ பேசுற மாதிரியே பேசட்டும்ங்க.

கார்த்திகேசு: கூடாது.

மங்களம்: மாப்பிள்ளப் பையன் ஜெயபாலனுக்கு ஒண்ணும் வித்தியாசமாத் தெரியாது...

கார்த்திகேசு: எப்படிச் சொல்ற?

மங்களம்: ...கோவிக்காதீங்க. ரெண்டு பேரும் ஒரே ஃபாக்டரி பஸ். ரெண்டு வருசப் பழக்கம். தரகர அங்க அனுப்பினதே நான்தான்.

கார்த்திகேசு: தெரியும். பஸ் ஸ்டாண்டுல ரெண்டும் நின்னு பேசுனத என் காதாலயே கேட்டேன். ஒரே அச்சு... அதே இழுவ, அதே வெட்டு. பக்கத்துல வச்சுக் கேட்டா எந்த அப்பனுக்கும் புரிஞ்சு போயிரும். காதல்னு தெரிஞ்சா அந்த மனுசன் தாம்பூலத்தத் தள்ளிட்டு எந்திரிச்சுப் போயிருப்பாரு. அதுக்குத்தான் அன்னிக்கு இவ வாய அடைச்சேன்... சரி, ஞாயித்துக்கெழம அவ பேசட்டும். பையன வாயத் தொறக்க வேணாம்னு மட்டும் சொல்லி அனுப்பு.